டிரம் மெஷினுக்குத் தாளம் சொல்லிக்கொடுத்தவர்

“டிரம் மெஷினும் லூப்பும் எல்லா மேடைகளிலும் வந்துவிட்டன. இனி ஒருவர் டிரம்மராகவே வாழ்நாள் முழுவதும் நிலைத்திருக்க முடியுமா? அப்படி நிலைத்தவர் யாராவது உண்டா?” என்று கேட்டிருக்கிறீர்கள்.

உண்டு. மான்செஸ்டரின் நியூ ஆர்டர் குழுவில் டிரம்ஸ் வாசிக்கும் ஸ்டீபன் மோரிஸ்.

டிரம்ஸ் வாசிக்கிறவன் என்ற முறையில் இது எனக்கும் பிழைப்பு சம்பந்தப்பட்ட கேள்வி. எங்கள் மெல்லிசைக் குழுவுக்குத் தட்டினால் டிரம் ஒலி தரும் ரிதம் பேட் வந்தபோதும், பிறகு திரும்பத் திரும்ப ஓடும் பதிவுத் துண்டான லூப் லேப்டாப்பில் வந்தபோதும், “இனி டிரம்ஸ் எதற்கு?” என்று யாராவது ஒருவர் கேட்காமல் இருந்ததில்லை. அந்த நாட்களில் எனக்குத் தெம்பு தந்தது மோரிஸின் கதை. அதனால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

1957-இல் பிறந்தவர். சொந்த ஊர் மாக்ல்ஸ்ஃபீல்ட். மான்செஸ்டருக்குத் தெற்கே, ஒரு காலத்தில் பட்டு ஆலைகளுக்குப் பேர் போன நகரம். 1977-இல் அந்த ஊரின் இசைக்கருவிக் கடையில் ஒரு விளம்பரத்தைப் பார்த்தார். வார்சா என்ற உள்ளூர் பங்க் குழுவுக்கு டிரம்மர் தேவை என்று எழுதியிருந்தது. அந்தக் குழுவின் பாடகர் இயன் கர்டிஸ், மோரிஸ் படித்த அதே பள்ளியில் படித்தவர். கிட்டார் பெர்னார்ட் சம்னர், பேஸ் கிட்டார் பீட்டர் ஹுக். மோரிஸ் வந்து சேர்ந்ததும் குழு ஒரு நிலைக்கு வந்தது. அடுத்த ஆண்டு பெயரை ஜாய் டிவிஷன் என்று மாற்றிக்கொண்டார்கள்.

அந்தக் காலத்துப் பங்க் டிரம்மர்களுக்கு வேகமும் சத்தமும் போதும். மோரிஸின் காது வேறு பக்கம் இருந்தது. ஜெர்மனியின் கேன் குழுவையும் அதன் டிரம்மர் யாக்கி லீபெட்ஸைட்டையும் விரும்பிக் கேட்டவர் அவர். லீபெட்ஸைட் ஒரு தாளச் சுற்றைப் பிடித்தால் விடமாட்டார். அதையே திரும்பத் திரும்ப வாசித்து, கேட்பவரை ஒரு மயக்கத்துக்குள் கொண்டுபோய்விடுவார். இடத்துக்கு இடம் வித்தை காட்டும் ஆசை அவரிடம் கிடையாது. ஜாய் டிவிஷன் பாடல்களில் மோரிஸ் டாம் டிரம்களில் சுற்றிச் சுற்றி வாசிப்பதைக் கேட்டால் அந்தப் பாடம் எங்கே போய்ச் சேர்ந்தது என்று புரியும். மனிதக் கையால் இயந்திரம் போல வாசிக்கும் ஒழுக்கம் அவருக்கு அப்போதே வந்துவிட்டது.

அந்த ஒழுக்கத்தைக் கடைசிவரை சோதித்துப் பார்த்தவர் தயாரிப்பாளர் மார்ட்டின் ஹானெட். 1979-இல் ஜாய் டிவிஷனின் முதல் ஆல்பத்தை ஸ்டாக்போர்ட்டில் இருந்த ஸ்ட்ராபெரி ஸ்டூடியோவில் பதிவு செய்தார்கள். ஒரு டிரம்மின் ஒலி இன்னொன்றின் மைக்கில் கலந்துவிடக் கூடாது என்று ஹானெட் பிடிவாதமாக இருந்தார். ஒவ்வொரு ஒலியையும் தனியாக எடுத்தால்தான் ஒலியைத் தாமதித்து எதிரொலிக்கவைக்கும் டிஜிட்டல் டிலே போன்ற கருவிகளில் விட்டு அவர் விரும்பியபடி மாற்ற முடியும். அதற்காக டிரம் செட்டைப் பிரித்துப்போட்டார். காலால் மிதித்து அடிக்கும் கிக் டிரம்மை மட்டும் தனியாக வாசி, பிறகு குச்சியால் அடிக்கும் ஸ்னேர் டிரம்மை மட்டும் வாசி, பிறகு இரட்டைத் தட்டான ஹை-ஹாட்டை மட்டும் வாசி என்றார்.

டிரம்ஸ் வாசிக்காதவர்களுக்கு இதன் கொடுமை எளிதில் விளங்காது. நான்கு கைகால்களும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டுதான் காலம் தவறாமல் ஓடுகின்றன. ஹை-ஹாட்டில் ஓடும் வலது கைதான் ஸ்னேர் எங்கே விழ வேண்டும் என்று இடது கைக்குச் சொல்கிறது. அதை நிறுத்திவிட்டு ஸ்னேரை மட்டும் பாடல் முழுக்க அடி என்றால், நடுவில் உள்ள வெற்றிடத்தைத் தாண்டிச் சரியான இடத்தில் விழுவது பெரும்பாடு. மோரிஸ் என்ன செய்தார் தெரியுமா? வாசிக்கக் கூடாத பகுதிகளைத் தன் தொடையில் தட்டிக்கொண்டே வாசிக்க வேண்டிய ஒன்றை மட்டும் வாசித்தார். தொடை கன்றிப்போகும் அளவுக்குத் தட்டியிருக்கிறார். இதை அவரே பேட்டியில் சொல்லியிருக்கிறார்.

எனக்கு இந்தக் காட்சி மிகவும் முக்கியம். அவர் கைக்கு டிரம் மெஷின் வருவதற்கு முன்பே, டிரம் மெஷின் வேலை செய்யும் முறையில் அவர் வாசிக்கப் பழகிவிட்டார். ஒவ்வொரு ஒலியும் தனித்தனி வரிசை. அவற்றை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கினால் தாளம். பின்னாளில் பொத்தான்களை அழுத்தி அவர் செய்த வேலையை இங்கே உடம்பு நோகச் செய்து முடித்திருந்தார்.

அதே ஆல்பத்தின் காலத்திலேயே எலக்ட்ரானிக் டிரம்மும் அவர் செட்டில் இடம்பிடித்துவிட்டது. ‘ஷீஸ் லாஸ்ட் கன்ட்ரோல்’ பாடலுக்காக, டேப் ரிக்கார்டரின் ஹெட்டைத் துடைக்கும் ஸ்ப்ரே டப்பாவைக் கூடப் பயன்படுத்தினார்கள். அடைத்த அறைக்குள் நின்று தாளம் தவறாமல் அதைப் பீய்ச்சியவர் மோரிஸ். ஒலி நன்றாக இருந்தால் அது எதிலிருந்து வந்தது என்பதை அவர் பார்ப்பதில்லை.

1980 மே 18 அன்று, குழு அமெரிக்கச் சுற்றுப்பயணத்துக்குப் புறப்பட இருந்த தறுவாயில், இயன் கர்டிஸ் தற்கொலை செய்துகொண்டார். வயது 23. வலிப்பு நோயோடும் மனச்சோர்வோடும் போராடிக்கொண்டிருந்தவர். யாராவது ஒருவர் இல்லாமல் போனால் அந்தப் பெயரை விட்டுவிடுவது என்று நால்வரும் முன்பே பேசி வைத்திருந்தார்கள். சொன்னபடி விட்டார்கள். நியூ ஆர்டர் என்று புதுப்பெயர் வைத்து, யார் பாடுவது என்று தெரியாமல் மூவரும் மாறிமாறிப் பாடிப் பார்த்தார்கள். ஆரம்ப மேடைகளில் மோரிஸும் பாடியிருக்கிறார். கடைசியில் பாட்டு சம்னருக்குப் போனது. அதே ஆண்டு கீபோர்டுக்கு ஜில்லியன் கில்பர்ட் வந்தார். அவரும் மாக்ல்ஸ்ஃபீல்ட்காரர், மோரிஸின் காதலி, 1994-இல் மனைவியானவர்.

இனிதான் உங்கள் கேள்விக்கு நேரான பதில் வருகிறது.

ஓபர்ஹைம் டி.எம்.எக்ஸ். என்று ஒரு டிரம் மெஷின். அதற்கு முந்தைய மலிவான மெஷின்களின் ‘டிக் டிக்’ சத்தம் அதில் கிடையாது. உண்மையான டிரம்களின் ஒலியைப் பதிவு செய்து சிப்பில் ஏற்றியிருந்தார்கள். ஒரு குழுவின் டிரம்மர் இதைப் பார்த்தால் என்ன நினைப்பார்? என் இடத்தைப் பறிக்க வந்துவிட்டது என்று நினைப்பதே இயல்பு. மோரிஸ் அதை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். புதுக் கருவிகளின் மேல் ஆர்வம்கொண்டு முன்னின்று இழுத்துப்போனவர்கள் சம்னரும் மோரிஸும்தான் என்று ஹுக்கே சொல்லியிருக்கிறார்.

அந்த மெஷினில் எழுதியதுதான் 1983 மார்ச்சில் ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ் வெளியிட்ட ‘புளூ மண்டே’. ஏழரை நிமிடப் பாடல். பிரிட்டனில் இன்றுவரை மிக அதிகமாக விற்ற 12 அங்குல சிங்கிள் இசைத்தட்டு அதுதான். தொடக்கத்தில் கேட்பது கிக் டிரம் மட்டுமே. நிதானமாக விழும் அடிகள், அவற்றை அடுத்து இடைவெளியே இல்லாமல் படபடவென்று கொட்டும் அடிகள். நிமிடத்துக்கு ஏறக்குறைய 130 தட்டு என்ற வேகத்தில், அந்தப் படபடப்பு விநாடிக்கு எட்டு ஒன்பது அடி என்று கணக்காகிறது. ஒற்றை பெடலில் ஒரு காலால் அதை ஏழரை நிமிடம் ஒரே அழுத்தத்தில் அடிப்பது என்னால் ஆகாத காரியம். இரட்டை பெடல் போட்டால்தான் பக்கத்தில் போக முடிகிறது. மெஷினால்தான் முடியும் என்பதை எழுதுவதற்கு அவர் மெஷினைப் பயன்படுத்தினார். தன் காலால் முடிந்ததை நகலெடுக்க அவர் அதைத் தொடவில்லை.

யோசனை வானத்திலிருந்து விழுந்துவிடவில்லை. அமெரிக்க டிஸ்கோ பாடகி டோனா சம்மரின் பாடல் ஒன்றிலிருந்து எடுத்த தாளம் என்று அவர்களே ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். ஹுக் சொன்ன இன்னொரு சம்பவமும் உண்டு. டிரம் பகுதி முழுவதையும் எழுதி முடித்து எல்லோரும் மகிழ்ந்திருந்த நேரத்தில், மோரிஸின் கால் தவறுதலாக மெஷினின் மின்கம்பியில் பட்டுப் பிடுங்கிவிட்டதாம். எழுதியது அனைத்தும் அழிந்துபோய், மீண்டும் முதலிலிருந்து எழுதினார்களாம். முதலில் செய்ததுதான் இன்னும் நன்றாக இருந்தது என்பது ஹுக்கின் கட்சி. மேடையில் ஒருமுறை பேட்டின் அடாப்டர் கழன்று எங்கள் பாட்டு பாதியில் நின்றிருக்கிறது. அதனால் இந்தக் கதையைப் படித்தபோது எனக்கு வயிற்றைப் பிசைந்தது.

இந்தப் பாடல் பிறந்த காரணத்தையும் சொல்ல வேண்டும். நிகழ்ச்சி முடிந்து “இன்னொன்று, இன்னொன்று” என்று கூட்டம் கேட்பது அவர்களுக்குப் பிடிக்காது. பொத்தானை அழுத்தினால் கருவிகள் தாமே வாசிக்க, குழு மேடையை விட்டு இறங்கிவிடலாம் என்று எண்ணித்தான் இதைத் தொடங்கினார்கள். டிரம்மர் தேவையில்லாத பாட்டை டிரம்மரே உட்கார்ந்து எழுதியிருக்கிறார்! ஆனால் நடந்தது வேறு. அதன் பிறகான ஆண்டுகளில் மேடைதோறும் அந்தப் பாட்டைக் குழுவே நின்று வாசிக்கிறது. மெஷின் அதன் வரிசையை ஓட்ட, மோரிஸ் டிரம்ஸில் அமர்ந்து அதோடு சேர்ந்துகொள்கிறார்.

மெஷினோடு சேர்ந்து வாசிப்பது எவ்வளவு கடினம் என்று பலர் நினைத்துப் பார்ப்பதில்லை. மனிதர்கள் சேர்ந்து வாசிக்கும்போது நான் ஒரு நூலிழை முந்தினால் பேஸ் கிட்டார்காரர் என்னோடு வந்துவிடுவார். மெஷின் வராது. முந்தினால் அசிங்கமாகக் கேட்கும், பிந்தினாலும் கேட்கும். அதோடு ஒட்டிப்போய், அதே நேரத்தில் உயிரும் சேர்க்க வேண்டும். மோரிஸின் வாசிப்பில் நான் வியப்பது இதைத்தான். அவருடைய ஹை-ஹாட்டும் டாமும் மெஷின் விட்டுவைத்த இடத்தில் வந்து உட்காரும். மெஷின் ஏற்கெனவே சொன்னதை அவர் மறுபடி சொல்லமாட்டார்.

இதைக் கண்ணால் பார்க்க வேண்டுமானால் 1985-இல் வந்த ‘தி பெர்ஃபெக்ட் கிஸ்’ வீடியோவைப் பாருங்கள். இயக்கியவர் ஜோனதன் டெம்மி. அலங்காரம் எதுவும் இல்லை. மான்செஸ்டரில் குழு பயிற்சி செய்யும் அறையில் நால்வரும் உண்மையாகவே வாசிக்கிறார்கள். கேமரா முகங்களையும் கைகளையும் விட்டு நகர்வதில்லை. பத்து நிமிடத்துக்கும் மேல் போகிறது. அந்தப் பாடலில் தவளைகள் கத்தும் சத்தம் வரும். பதிவுசெய்த ஒலிகளை வைத்து வாசிக்கும் கருவியான சாம்ப்ளரில் இருந்த அந்தச் சத்தத்தின் மேல் மோரிஸுக்கு ஒரு மோகம். எங்கேயாவது நுழைத்துவிட வேண்டும் என்று காத்திருந்தார், இதில் நுழைத்துவிட்டார்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1982-இல் மான்செஸ்டரில் திறந்த ஹசியெண்டா நடன விடுதியில் இவர்களுக்கும் பங்கு உண்டு. இசைத்தட்டில் வந்த பணம் அதில் கரைந்துகொண்டே இருந்தது. ஓரளவு இபிஸா தீவில் பதிவான 1989-இன் ‘டெக்னிக்’ பிரிட்டனில் முதலிடம் பிடித்தது. 1990 உலகக் கோப்பைக்காக இங்கிலாந்து கால்பந்து அணியோடு சேர்ந்து செய்த ‘வேர்ல்ட் இன் மோஷன்’ பிரிட்டிஷ் சிங்கிள் வரிசையில் அவர்களுடைய ஒரே முதலிடம். அதன் இசைக்கு மூலம், மோரிஸும் ஜில்லியனும் பிபிசி நிகழ்ச்சி ஒன்றுக்காக எழுதிய தலைப்பு இசை. இது பலருக்குத் தெரியாது, தெரிய வேண்டும். பின்வரிசையில் உட்கார்ந்திருப்பவர் தாளம் மட்டும் போடுகிறவர் என்று நினைப்பவர்களுக்கு நான் சொல்லும் முதல் உதாரணம் இதுதான்.

சம்னரும் ஹுக்கும் ஆளுக்கொரு தனிக்குழு தொடங்கிப் போனபோது, மோரிஸும் ஜில்லியனும் இருவராகச் சேர்ந்து ‘தி அதர் டூ’ என்று ஒரு குழு வைத்தார்கள். மற்ற இருவர் என்று பொருள். 1992-இல் ஃபேக்டரி நிறுவனம் திவாலானது. 1993-இல் குழுவும் ஓய்ந்தது. 1998-இல் மீண்டும் கூடியது. நோயுற்ற குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஜில்லியன் சில ஆண்டுகள் விலகியிருந்தார். 2007-இல் ஹுக் பிரிந்துபோனார். 2011-இல் ஜில்லியன் திரும்பி வர, குழு மறுபடி மேடை ஏறியது. 2015-இல் புது ஆல்பம் வந்தது. 2019-இலும் 2020-இலும் மோரிஸ் தன் வாழ்க்கையை இரண்டு புத்தகங்களாக எழுதினார். இத்தனை பிரிவுகளிலும் டிரம்ஸ் இருக்கையில் ஆள் மாறவே இல்லை.

நீங்கள் டிரம்ஸ் பழகுகிறவராக இருந்தால், முதலில் ‘ஷீஸ் லாஸ்ட் கன்ட்ரோல்’, அடுத்து ‘புளூ மண்டே’, அடுத்து அந்த 1985 வீடியோ என்று வரிசையாக ஒரே அமர்வில் கேளுங்கள். பிறகு உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு பாடலை எடுத்து, ஸ்னேரை மட்டும் ஆரம்பம் முதல் கடைசிவரை வாசித்துப் பதிவு செய்யுங்கள். அதன் மேல் கிக், அதன் மேல் ஹை-ஹாட். என்னிடம் பழக வரும் பிள்ளைகளுக்கு இந்தப் பயிற்சியைத்தான் கொடுக்கிறேன். அதைச் செய்து முடித்தவர்கள் ரிதம் பேட் முன்னால் தயங்கி நின்று நான் பார்த்ததில்லை.