வெள்ளை முடி மட்டும் ஏன் படிய மாட்டேன் என்கிறது? – வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் நரை பற்றிய கேள்விகளே அதிகம். அதனால் மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு, பக்கம் முழுவதையும் நரைக்கே ஒதுக்கிவிட்டேன்.

"எனக்கு 47 வயது. சின்ன வயதிலிருந்தே வழவழவென்று படிந்து கிடக்கும் முடி. இப்போது வகிட்டின் இரண்டு பக்கமும் முளைக்கிற வெள்ளை முடி மட்டும் முறுக்கிக்கொண்டு நெட்டுக்குத்தாக நிற்கிறது. எண்ணெய் தடவினாலும் கொஞ்ச நேரத்தில் எழுந்துவிடுகிறது. நிறம் போனால் முடி தடித்துவிடுமா?"
– வாசகி, நாகர்கோவில்

முதலில் ஒரு விஷயத்தைச் சரிசெய்துகொள்வோம். உங்கள் தலையில் இருந்த கருப்பு முடி வெள்ளையாக மாறவில்லை. தோலுக்கு வெளியே வந்துவிட்ட முடிக்கு உயிர் கிடையாது, அது தானாக நிறம் மாற முடியாது. நிறம் ஏறுவதெல்லாம் தோலுக்கு அடியில், வேர்க்காலில்தான். அங்கே மெலனின் என்ற நிறமியைத் தயாரிக்கும் செல்கள் இருக்கின்றன. ஒரு முடி இரண்டு முதல் ஆறு வருடம் வரை வளர்ந்து, பிறகு ஓய்ந்து உதிர்கிறது. அதே வேர்க்காலில் அடுத்த முடி தொடங்கும்போது நிறமிச் செல்களும் புதிதாக உருவாக வேண்டும். அவற்றை உருவாக்கித் தருகிற மூலச் செல்களின் இருப்பு வயதாக ஆகக் குறைந்துகொண்டே வருகிறது. இருப்பு தீர்ந்த வேர்க்காலிலிருந்து வரும் முடி நிறமில்லாமல் வருகிறது. ஆக, நீங்கள் பார்ப்பது வேறொரு முடி, புது முடி.

இனி தடிமனுக்கு வருவோம். வெள்ளை முடி எல்லோருக்கும் தடித்துத்தான் வரும் என்று சொல்ல முடியாது. தலைமுடியில் சிலருக்கு வெள்ளை முடி கொஞ்சம் தடிமனாக இருக்கிறது, சிலருக்கு வித்தியாசமே இல்லை. சொல்லப்போனால் பெண்களுக்கு நாற்பதுகளின் தொடக்கத்துக்குப் பிறகு முடி பொதுவாக மெலிந்துகொண்டே போகிறது. அப்புறம் ஏன் கையில் கரடுமுரடாகப் படுகிறது என்றால், ஒரே நேரத்தில் பல மாற்றங்கள் சேர்ந்துவிடுகின்றன. மாதவிடாய் நிற்கும் காலத்தை ஒட்டித் தலைத்தோலின் எண்ணெய்ச் சுரப்பிகள் சோம்பிவிடுகின்றன, முடிக்குத் தானாகக் கிடைத்துக்கொண்டிருந்த வழவழப்பு குறைகிறது. வேர்க்காலின் வடிவமும் வயதோடு கொஞ்சம் மாறுவதால் முடி நேராக வராமல் அங்கங்கே வளைந்து வருகிறது. வளைந்த முடி பக்கத்து முடிகளோடு சேர்ந்து படுக்காது, அதனால் வெளிச்சமும் அதன் மேல் ஒரே சீராக விழாது, பளபளப்பு போய்விட்டது போலத் தெரியும். மெலனின் முடிக்கு நிறம் மட்டும் தரவில்லை, வெயிலின் புற ஊதாக் கதிர்களை உறிஞ்சி முடியின் புரதத்தையும் காத்துக்கொண்டிருந்தது. அந்தக் காவல் போனபின் அதே வெயில் வெள்ளை முடியைக் கூடுதலாகச் சேதப்படுத்துகிறது.

வகிட்டில் மட்டும் எழுந்து நிற்பதற்கு இன்னொரு எளிய காரணமும் உண்டு. அவை இப்போதுதான் முளைத்த குட்டை முடிகள், கீழே இழுத்துப் படிய வைக்க நீளமோ எடையோ இல்லை. கருப்பு முடிகளுக்கு நடுவே இருப்பதால் கண்ணில் பளிச்சென்று படுகின்றன, அவ்வளவுதான். அங்கே குட்டையான கருப்பு முடிகளும் எழுந்து நிற்கின்றன, நாம் கவனிப்பதில்லை.

சீப்பில் வந்த ஒரு வெள்ளை முடியையும் ஒரு கருப்பு முடியையும் எடுத்து, வேர் இருந்த பக்கத்தைப் பிடித்துக்கொண்டு, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே நுனிவரை மெதுவாக உருவிப் பாருங்கள். பிறகு நுனியிலிருந்து வேர்ப்பக்கமாக உருவுங்கள். இரண்டாவது தடவை விரல் தடுக்கும். முடியின் மேல்தோல் ஓட்டுவீட்டுக் கூரை மாதிரி, ஓடுகள் வேரிலிருந்து நுனி நோக்கி ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியிருக்கும். வெள்ளை முடி கருப்பைவிட ரொம்பத் தடுக்கிறது, வேரிலிருந்து நுனிக்கு உருவும்போதும் தடுக்கிறது என்றால் ஓடுகள் தூக்கிக்கொண்டிருக்கின்றன என்று அர்த்தம். டை, தினசரி ஷாம்பூ, உப்புத் தண்ணீர், சூடான ஸ்ட்ரெய்ட்னர் எல்லாம் செய்கிற வேலை அது. இந்தப் பகுதி நம் கையில் இருக்கிறது என்பதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். வயதை நிறுத்த முடியாது, ஆனால் வெள்ளை முடியின் முரட்டுத்தனத்தில் பாதி வறட்சிதான், அதைக் குறைக்கலாம்.

என்ன செய்யலாம்? தலைக்கு ஊற்றுவதற்கு ஒரு மணி நேரம் முன்போ முந்தின இரவோ தேங்காய் எண்ணெய் தேயுங்கள். குளித்து முடித்து நிறைய வைப்பதைவிட இது நல்லது, ஏனென்றால் தேங்காய் எண்ணெய் முடிக்குள் இறங்கும் தன்மை உள்ளது, அலசும்போது முடி இழக்கிற புரதத்தைக் குறைக்கிறது. 2003-இல் இதை ஆராய்ந்து வெளியிட்டவர்கள் மும்பையில் தேங்காய் எண்ணெய் விற்கிற நிறுவனத்தின் ஆய்வாளர்கள் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன். சூரியகாந்தி எண்ணெய்க்கும் மினரல் ஆயிலுக்கும் அந்தப் பலன் கிடைக்கவில்லை. ஷாம்பூ தலைத்தோலுக்கு மட்டும் போதும், நுரை வழிந்து வருவதே நீளமுடிக்குப் போதுமானது. கண்டிஷனர் நேர்மாறாக, நீளத்துக்கு மட்டும். ஈரத்தை முரட்டுத் துண்டால் தேய்க்காமல் பழைய பருத்தி வேட்டியால் ஒற்றி எடுத்துவிட்டு, இன்னும் கொஞ்சம் ஈரம் இருக்கும்போதே சீரமோ ஓரிரு துளி எண்ணெயோ உள்ளங்கையில் பரப்பி வகிட்டின் மேல் தடவிப் படியவையுங்கள். காய்ந்தபின் தடவினால் நீங்கள் சொன்னது போலத்தான் எழுந்துவிடும். வெயிலில் போகும்போது முந்தானையோ குடையோ இருக்கட்டும்.

"ஒரு வெள்ளை முடியைப் பிடுங்கினால் பத்து முளைக்கும் என்கிறார்களே?"
– வாசகி, தஞ்சாவூர்

முளைக்காது. ஒரு வேர்க்காலில் நடப்பது பக்கத்து வேர்க்காலுக்குத் தெரியாது. ஆனாலும் பிடுங்காதீர்கள், அதே இடத்தில் மறுபடி வெள்ளைதான் வரும், திரும்பத் திரும்பப் பிடுங்கினால் அந்த வேர்க்கால் புண்பட்டு முடியே வராமல் போகலாம். கண்ணை உறுத்தினால் அடியோடு கத்தரித்துவிடுங்கள்.

"எங்கள் வீட்டில் போர் தண்ணீர்தான். டை அடிப்பதை நிறுத்தி நரையை அப்படியே விட்டுவிட்டேன். வெள்ளையாக இருக்கும் என்று பார்த்தால் மஞ்சளாக, பழுப்பாக இருக்கிறது."
– வாசகி, ஈரோடு

கருப்பு முடியிலும் இதே கறை படிந்துகொண்டுதான் இருந்திருக்கும், தெரிந்திருக்காது. உங்கள் தண்ணீரில் இரும்பும் சுண்ணாம்பும் இருந்தால் முதல் சந்தேகம் அதன் மேல்தான். பக்கெட்டின் உள்பக்கமும் குளியலறைத் தரையும் செம்பழுப்பாகக் கறை ஏறியிருக்கிறதா என்று பாருங்கள், ஏறியிருந்தால் தலையிலும் ஏறும். வெயில், பீடி சிகரெட் புகை, சூடான கருவிகள், பச்சையும் மஞ்சளுமாக நிறம் ஏற்றிய கூந்தல் தைலங்கள் ஆகியவையும் மஞ்சளாக்கும்.

குளியல் முழுவதையும் மாற்ற வேண்டாம், கடைசியாக ஊற்றுகிற இரண்டு மக்கு மட்டும் குடிதண்ணீராகவோ பிடித்து வைத்த மழைத்தண்ணீராகவோ இருக்கட்டும். மாதம் ஓரிரு தடவை கிளாரிஃபையிங் ஷாம்பூ போட்டு, படிந்த உப்பை எடுத்துவிட்டு, உடனே கண்டிஷனர் போடுங்கள், அந்த ஷாம்பூ முடியை உலர்த்திவிடும். ஊதா நிற ஷாம்பூ என்று ஒன்று விற்கிறார்கள், அதில் உள்ள ஊதாச் சாயம் மஞ்சளை மட்டுப்படுத்திக் காட்டும். வாரம் ஒரு தடவை போதும், அதிகமானால் தலையே இளம் ஊதாவாகத் தெரியும். சீயக்காய் பழக்கம் இருந்தால் விட வேண்டியதில்லை, ஆனால் பொடி தலையில் தங்காமல் நன்றாக அலசுங்கள். தங்கிய பொடி முடியை வறட்டும், வெள்ளையில் மங்கலாகவும் தெரியும்.

"வயது 22. காதோரம் நிறைய வெள்ளை. பித்தம் என்று பாட்டி சொல்கிறார், டென்ஷன் என்று அப்பா சொல்கிறார். கரிசலாங்கண்ணித் தைலம் தேய்த்தால் கருத்துவிடுமா?"
– கல்லூரி மாணவர், சென்னை

தம்பி, ஆசியர்களுக்கு 25 வயதுக்கு முன் நரைப்பதை இளநரை என்று மருத்துவத்தில் கணக்கு வைத்திருக்கிறார்கள், எனவே நீங்கள் அந்தக் கணக்கில் வருகிறீர்கள். அப்பாவுக்கோ தாய்மாமனுக்கோ சின்ன வயதிலேயே நரைத்ததா என்று கேளுங்கள், பரம்பரைதான் பெரிய காரணம். இருந்தாலும் ஒரு தடவை ரத்தப் பரிசோதனை செய்துவிடுங்கள். பி12, தைராய்டு, இரும்புச் சேமிப்பைக் காட்டும் ஃபெரிட்டின், இவை மூன்றும் முக்கியம். பி12 இயற்கையாகக் கிடைப்பது பால், முட்டை, மீன், இறைச்சியில்தான். சைவமாக இருந்து பாலும் குறைவாகச் சாப்பிடுகிறவர்களுக்குக் குறைபாடு வருவது சகஜம். பி12 குறைவாலோ தைராய்டாலோ வந்த நரை, அதைச் சரிசெய்தபின் சிலருக்குத் திரும்பக் கருத்திருக்கிறது. சிகரெட் பழக்கம் இருந்தால் இன்றே விடுங்கள், இளநரைக்கும் அதற்கும் தொடர்பு உண்டு.

அப்பா சொல்வதையும் ஒதுக்க முடியாது. கடும் மன அழுத்தத்தில் நரம்புகள் வெளிவிடும் நார்அட்ரினலின், நிறமி மூலச் செல்களின் இருப்பைத் தீர்த்துவிடுவதை ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் எலிகளிடம் பார்த்து 2020-இல் வெளியிட்டார்கள். அடுத்த ஆண்டு கொலம்பியா பல்கலைக்கழகத்தினர் 14 பேரின் முடிகளை எடுத்து ஒவ்வொரு முடியிலும் நிறம் எங்கே மாறுகிறது என்று பார்த்தார்கள். முடி மாதத்துக்குச் சுமார் ஒரு சென்டிமீட்டர் வளர்வதால், நிறம் மாறிய இடத்தை வைத்து எந்த மாதம் மாறியது என்று கணக்கிட்டுவிடலாம். அதில் ஒருவர் விடுமுறையில் போயிருந்த காலத்தில் அவருடைய ஐந்து முடிகள் திரும்பக் கருத்திருந்தன. ஐந்தே முடிதான், தலை முழுவதும் இல்லை. ஆனாலும் நுனி கருப்பாகவும் வேர்ப்பக்கம் வெள்ளையாகவும், அல்லது அதற்கு நேர்மாறாகவும் ஒரு முடி உங்கள் சீப்பில் வந்தால் ஆச்சரியப்பட வேண்டாம்.

தைலம் கருக்கவைக்காது. தேய்க்கப் பிடித்திருந்தால் தேயுங்கள், முடி மென்மையாகும். பாட்டி தலையில் எண்ணெய் தேய்த்துவிட்டால் வேண்டாம் என்று சொல்லாதீர்கள்.

"58 வயது. பல வருடமாக டை. இந்த முறை ஹெர்பல் என்று போட்டிருந்த கருப்பு மருதாணிப் பொடி வாங்கினேன். இரண்டு நாள் கழித்துக் காதோரம் அரிப்பு, நெற்றி வீங்கிவிட்டது. மூலிகைக்குமா அலர்ஜி வரும்?"
– வாசகர், திருச்சி

உங்களுக்கு அலர்ஜி தந்தது மூலிகையாக இருக்காது என்றே நினைக்கிறேன். சுத்தமான மருதாணி எந்தக் காலத்திலும் கருப்பு தராது, வெள்ளை முடியில் அது செம்மஞ்சளாகத்தான் பிடிக்கும். உடனே கருப்பு வருகிற மருதாணிப் பொடி என்றால் அதில் பெரும்பாலும் பாரா-ஃபினைலீன்டைஅமீன், சுருக்கமாகப் பிபிடி, சேர்த்திருப்பார்கள். சாதாரண டையில் இருக்கிற அதே ரசாயனம்தான். அம்மோனியா இல்லை என்று அட்டையில் பெரிதாகப் போட்டிருந்தாலும் பிபிடி இருக்கலாம். இத்தனை வருடம் ஒன்றும் செய்யவில்லையே என்று கேட்பீர்கள். இந்த அலர்ஜி வருவதே இப்படித்தான், பல தடவை பட்டபின் ஒருநாள் உடம்பு அதை அடையாளம் கண்டு எதிர்க்கத் தொடங்கும், தொடங்கிவிட்டால் பெரும்பாலும் ஆயுளுக்கும் இருக்கும், அடுத்த தடவை இன்னும் கடுமையாகவும் வரும். ஆகவே வேறு பிராண்ட் மாற்றிப் பார்க்கலாம் என்று தயவுசெய்து இறங்காதீர்கள். தோல் மருத்துவரிடம் காட்டி, அந்தப் பாக்கெட்டையும் கொண்டுபோங்கள். கண் இமை வீங்கினாலோ மூச்சு இழுத்தாலோ காத்திருக்காமல் அவசரப் பிரிவுக்குப் போய்விடுங்கள். மரத்துப்போகும் ஊசி போடும்போதும் இந்த அலர்ஜியைச் சொல்லிவையுங்கள், அதில் சில மருந்துகள் பிபிடிக்கு உறவுமுறை.

அலர்ஜி இல்லாதவர்களும் ஒவ்வொரு தடவையும் 48 மணி நேரம் முன்பே காதுக்குப் பின்னால் ஒரு பொட்டு வைத்துப் பார்ப்பது நல்லது. டையை வேர்ப்பக்கம் முளைத்த வெள்ளையில் மட்டும் பூசுங்கள். நுனிவரை இழுத்துப் பூசினால், ஏற்கெனவே சாயம் ஏறிய முடி மறுபடி மறுபடி டையோடு கலக்கும் பெராக்சைடில் ஊறி வைக்கோலாகிறது.

உங்களுக்கு மிச்சமிருக்கும் வழி சுத்தமான மருதாணியும், நீலச் சாயம் தரும் அவுரி இலையும். முதலில் மருதாணி போட்டு அலசி, பிறகு அவுரிப்பொடியைக் குழைத்து உடனே பூசினால் பழுப்போ கருப்போ பிடிக்கும். ஆனால் வீக்கம் முழுக்க வடிந்து, மருத்துவர் சரி என்றபின் மட்டும், அதுவும் முதலில் காதுக்குப் பின்னால் ஒரு பொட்டு வைத்துப் பார்த்துவிட்டு. பாக்கெட்டில் இலைப்பொடியைத் தவிர வேறு பெயர் இருக்கக் கூடாது. மருதாணி முடியை வறட்டும், மறுநாள் எண்ணெய் கட்டாயம்.

"டையை நிறுத்த ஆசை. ஆனால் பாதி கருப்பு பாதி வெள்ளையாக எப்படி வெளியே போவது?"
– வாசகி, கோயம்புத்தூர்

மாதத்துக்கு ஒரு சென்டிமீட்டர் என்றால் தோள்வரை உள்ள முடி முழுக்க மாற இரண்டு வருடத்துக்கு மேல் ஆகும். சீக்கிரம் முடிய வேண்டுமென்றால் குட்டையாக வெட்டிக்கொள்வதுதான் ஒரே வழி. வெட்ட மனசில்லையென்றால் பார்லரில் அங்கங்கே வெளிர்நிறக் கீற்றுகள் போடச் சொல்லுங்கள், கருப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே தெரிகிற அந்த நேர்கோடு கலைந்துவிடும். தலை முழுவதும் பிளீச் செய்து கருப்பை எடுத்துத் தருகிறோம் என்றால் ஒத்துக்கொள்ளாதீர்கள், புதிதாக வரும் முடி ஏற்கெனவே வறண்டது, பிளீச் இருக்கிற முடியையும் கெடுத்துவிடும். வகிட்டை நேராக எடுக்காமல் வளைத்து எடுத்தாலே வேர் வெள்ளை பாதி மறைந்துவிடும். இடையில் கல்யாணம், காதுகுத்து என்று வந்தால் வகிட்டில் மட்டும் ஒற்றி, அன்றிரவே கழுவிவிடுகிற டச்சப் பவுடர் கடையில் கிடைக்கிறது. அதை வாங்கும்போதும் அட்டையின் பின்பக்கத்தைப் படித்துவிட்டு வாங்குங்கள்.