குதிரைவால் செடியும் குதிரைவாலியும் ஒன்றல்ல

கேள்வி: எனக்கு வயது 56. ஐந்து வருடமாகப் பிரஷருக்கு மாத்திரை சாப்பிடுகிறேன். அதில் நீர் மாத்திரையும் சேர்ந்திருக்கிறது. முடி நிறையக் கொட்டுகிறது, நகம் ஏடு ஏடாகப் பிரிகிறது. என் நாத்தனார் ‘ஹார்ஸ்டெயில்’ கேப்ஸ்யூல் வாங்கித் தந்தார். இரண்டு மாதமாகத் தினம் இரண்டு போடுகிறேன். ஹார்ஸ்டெயில் என்றால் குதிரைவாலிதானே, சாப்பிடும் தானியம்தானே என்று நினைத்து என் டாக்டரிடம் சொல்லவில்லை. மூன்று வாரமாக இரவில் கெண்டைக்கால் பிடித்துக்கொள்கிறது, சோர்வாகவும் இருக்கிறது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா? கர்ப்பமாக இருக்கும் என் மகளும் முடிக்காக அதைக் கேட்கிறாள். கொடுக்கலாமா?

பதில்: முதலில் செய்ய வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். கேப்ஸ்யூலை இன்றோடு நிறுத்திவிடுங்கள். பிரஷர் மாத்திரையை மட்டும் நீங்களாக நிறுத்தாதீர்கள். இந்த வாரத்துக்குள் உங்கள் டாக்டரைப் பார்த்து, ரத்தத்தில் சோடியம், பொட்டாசியம், சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று காட்டும் கிரியேட்டினின் மூன்றையும் பார்க்கச் சொல்லுங்கள். கேப்ஸ்யூல் டப்பாவையும் கையோடு எடுத்துப் போங்கள். படபடப்பு, தலைசுற்றல், குழப்பம் இவற்றில் ஏதாவது வந்தால் வாரக்கடைசி வரை காத்திருக்க வேண்டாம், அன்றே போய்விடுங்கள்.

நீங்கள் நினைத்த குதிரைவாலி ஒரு சிறுதானியம், புல் வகை. ஹார்ஸ்டெயில் புல்லே இல்லை. பூக்காது, காய்க்காது, விதை கிடையாது. பெரணிகளைப் போல வித்துத்தூளால் பரவும் மிகப் பழைய செடி அது. ஏறத்தாழ 30 கோடி ஆண்டுகளுக்கு முன் இதன் உறவு மரங்கள் 30 மீட்டர் உயரம் வரை வளர்ந்து காடாக நின்றன. இன்று நிலக்கரியாகத் தோண்டி எடுப்பதில் அவற்றுக்கும் பங்கு உண்டு. இப்போது மிஞ்சியிருப்பது ஒரே பேரினம், ஈக்விசெட்டம். அதில் இருபதுக்கும் குறைவான இனங்களே உள்ளன. உருவம் எப்படி இருக்கும் என்று கேட்டால், சவுக்கு மரத்தின் ஊசிக் கிளையை நினைத்துக்கொள்ளுங்கள். கணுக்கணுவாக இருக்கும், இழுத்தால் கணுவில் கழன்று வரும். சவுக்கின் அறிவியல் பெயரான ‘கேசுவரினா ஈக்விசெட்டிஃபோலியா’வில் பின்பாதி, ஹார்ஸ்டெயில் போன்ற இலையுடையது என்பதைத்தான் சொல்கிறது.

பெயரில் விழுந்த இந்தக் குழப்பம் உங்களுக்கு மட்டும் நேர்ந்ததில்லை. ஊருக்கு ஊர் இந்தச் செடிக்குப் பெயர் உண்டு, பாதிப் பெயர்கள் குதிரை வாலைச் சுற்றியே வருகின்றன. லத்தீனில் ‘ஈக்வஸ்’ என்றால் குதிரை, ‘சீட்டா’ என்றால் முரட்டு மயிர். ஈக்விசெட்டம் என்ற சொல் அப்படிப் பிறந்தது. ஸ்பானிய மொழியில் ‘கோலா தெ கபாயோ’, அதாவது குதிரை வால். பழைய கிரேக்கர்கள் சொன்ன ‘ஹிப்பூரிஸ்’ என்பதற்கும் அதே பொருள்தான். ஆனால் இன்றைய தாவரவியலில் ஹிப்பூரிஸ் என்பது தண்ணீரில் வளரும், பூக்கும், முற்றிலும் வேறான ஒரு செடி. ஆங்கிலத்தில் அதை ‘மேர்ஸ் டெயில்’ என்பார்கள். தோட்டக்காரர்கள் பலர் ஹார்ஸ்டெயிலையும் அதே பெயரால்தான் திட்டுகிறார்கள்.

மற்றப் பாதிப் பெயர்கள் எனக்கு இன்னும் பிடித்தவை, ஏனென்றால் அவை செடியின் வேலையைச் சொல்கின்றன. இதன் தண்டின் மேல்தோலில் சிலிக்கா, அதாவது மணலில் இருக்கும் அதே பொருள், நுண்ணிய முள்முள்ளாகப் படிந்திருக்கும். தொட்டால் உப்புத்தாள் போலச் சொரசொரக்கும். ஐரோப்பியச் சமையலறைகளில் வெள்ளீயப் பாத்திரங்களை இதை வைத்துத்தான் தேய்த்தார்கள். அதனால் ஜெர்மனியில் ‘ட்ஸின்கிரவுட்’, வெள்ளீயப் பூண்டு. ஆங்கிலத்தில் ‘பியூட்டர்வொர்ட்’, ‘ஸ்கவரிங் ரஷ்’. ஜப்பானில் பெரிய வகையை ‘தொகுசா’, சாணைக்கல் புல் என்பார்கள். சீனத்தில் அதே வகைக்கு ‘மூ ஸெய்’, மரத்திருடன் என்று பெயர்; தச்சர் தேய்க்கத் தேய்க்க மரம் கொஞ்சம் கொஞ்சமாகக் காணாமல் போகிறதே, அதனால். கிளாரினெட், ஓபோ வாசிப்பவர்கள் ஊதுநாணலை மெல்லியதாகச் சீவ இன்றும் இந்தத் தண்டைப் பயன்படுத்துகிறார்கள். துருக்கியில் ‘கிர்க்கிலித்’, நாற்பது பூட்டு; கணுவுக்குக் கணு பூட்டிய மாதிரி இருப்பதைப் பார்த்து வைத்த பெயராக இருக்க வேண்டும்.

இவ்வளவு விரிவாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. மருந்தாகப் பயன்பட்டது பெரும்பாலும் ‘ஈக்விசெட்டம் அர்வென்ஸி’ என்ற வயல்வெளி வகை. அதன் பக்கத்திலேயே ஈர நிலங்களில் ‘ஈக்விசெட்டம் பலஸ்ட்ரே’ என்ற சதுப்பு வகையும் வளரும். அதில் பலஸ்ட்ரின் என்ற நச்சு ஆல்கலாய்டு உண்டு, கால்நடைக்கு ஆகாது. பார்வைக்கு இரண்டும் அக்கா தங்கை மாதிரி இருக்கும். பிரித்தறிய ஒரு வழி, பக்கக் கிளையின் முதல் கணுவிடை, அதாவது கிளை தொடங்கும் இடத்திலிருந்து அதன் முதல் கணு வரை உள்ள நீளம். வயல்வெளி வகையில் அது தண்டின் உறையைவிட நீண்டிருக்கும், சதுப்பு வகையில் குட்டையாக இருக்கும். இதைச் செடியில் பார்க்கலாம், பொடியாக்கிய பிறகு யாராலும் பார்க்க முடியாது. டப்பாவின் மேல் வெறும் ‘ஹார்ஸ்டெயில்’ என்று மட்டும் எழுதியிருந்தால் உள்ளே என்ன இருக்கிறது என்று நாம் சொல்ல முடியாது. முழு அறிவியல் பெயர் இல்லாத மூலிகை டப்பாவை நான் யாருக்கும் பரிந்துரைப்பதில்லை.

இப்போது நாட்டு வைத்தியத்துக்கு வருகிறேன். இந்தச் செடிக்கு நீண்ட வரலாறு உண்டு, அதை நான் மதிக்கிறேன். முதல் நூற்றாண்டில் கிரேக்க மருத்துவர் டயோஸ்கொரிடிஸ் ரத்தப்போக்கை நிறுத்துவதற்கும் சிறுநீர் பிரிவதற்கும் இதைக் குறித்து வைத்தார். பின்வந்த ஐரோப்பிய மூலிகை நூல்களும் அந்த இரண்டையும் விடாமல் சொல்லி வந்தன. 19ஆம் நூற்றாண்டில் பவேரியப் பாதிரியார் செபாஸ்டியன் க்னைப் (1821–1897) இதன் கஷாயத்தில் ஒற்றடம், குளியல் என்று ஊர் ஊராகப் புகழ் பரப்பினார். சீன மருத்துவத்தில் ‘மூ ஸெய்’ கண் சிவப்புக்கும் கண் மேல் படரும் மறைப்புக்கும் உள்மருந்து. கண்ணில் ஊற்றுவது என்று யாரும் இதைப் புரிந்துகொள்ள வேண்டாம். ஜப்பானில் வசந்தத்தில் முளைக்கும் பழுப்பு இளந்தண்டை ‘சுகுஷி’ என்று சொல்லி, கணு உறைகளை உரித்து, நன்றாக வேகவைத்து உண்பார்கள்.

இவற்றில் பெரும்பாலும் பொதுவாக இருப்பதைக் கவனியுங்கள். நீரில் கொதிக்க வைத்தார்கள், அல்லது உடம்புக்கு வெளியே போட்டார்கள். உள்ளுக்குக் கொடுத்ததும் ஒரு கோளாறுக்காகக் கொஞ்ச நாள். ஆறு மாதம், ஒரு வருடம் என்று தினமும் பச்சைப் பொடியை விழுங்கும் வழக்கம் அதில் இல்லை. கேப்ஸ்யூலுக்குள் பழைய செடி இருக்கலாம், அதன் பழைய முறை இல்லை. உங்கள் கேள்வியில் என்னை உறுத்தியது இந்த இடம்தான்.

கொதிக்க வைப்பது ஏன் முக்கியம் என்றால், இந்தச் செடியில் தையமினேஸ் என்ற நொதி இருக்கிறது. வைட்டமின் பி1 எனும் தையமினைச் சிதைப்பது அதன் வேலை. வைக்கோலில் இந்தச் செடி அதிகம் கலந்துவிட்டால் அதைத் தின்னும் குதிரை சில வாரங்களில் தள்ளாடத் தொடங்கும். பி1 ஊசி போட்டால் பெரும்பாலும் தேறிவிடும். வைக்கோல் காய்ந்ததுதானே! ஆகவே, உலர்த்துவதால் இந்த நொதி போய்விடுவதில்லை. கொதிக்கும் சூடுதான் அதை அழிக்கும். கனடாவில் இந்த மூலிகை விற்க வேண்டுமென்றால் அதில் தையமினேஸ் செயல்பாடு இல்லை என்று காட்ட வேண்டும். எல்லா நாட்டு டப்பாவுக்கும் அந்தச் சோதனை நடப்பதில்லை. மனிதருக்குப் பி1 குறைந்தால் கால் மரத்துப்போகும், பாதம் எரியும், சோர்வு வரும். முற்றினால் இதயமும் மூளையும் பாதிக்கப்படும். மது குடிப்பவர்கள், சரியாகச் சாப்பிடாத முதியவர்கள், நீண்ட நாள் நீர் மாத்திரை எடுப்பவர்கள் இவர்களுக்குப் பி1 இருப்பு ஏற்கெனவே குறைந்திருக்கலாம். நீங்கள் கடைசி வரிசையில் இருக்கிறீர்கள் அம்மா.

சிறுநீர் விஷயத்தில் பழையவர்கள் சொன்னது பொய்யில்லை. 2014இல் பிரேசிலில் ஆரோக்கியமான 36 ஆண்களிடம் ஒரு சோதனை நடந்தது. தினம் 900 மில்லிகிராம் ஹார்ஸ்டெயில் உலர்சாறு, 25 மில்லிகிராம் ஹைட்ரோகுளோரோதயசைடு என்ற நீர் மாத்திரைக்கு ஈடாக நீரைப் பிரித்தது. உப்புச்சத்து வெளியேற்றத்தில் பெரிய மாற்றம் இல்லை என்றும் சொன்னார்கள். அதைப் படித்துவிட்டு நிம்மதி அடைய வேண்டாம். அவர்கள் நோயில்லாதவர்கள், வேறு மாத்திரை எதுவும் இல்லை, எடுத்ததும் நாலே நாள். உங்களுக்கோ ஒரு நீர் மாத்திரை ஏற்கெனவே ஓடுகிறது, அதன் மேல் இரண்டு மாதமாக இன்னொன்று. இரவில் கெண்டைக்கால் பிடிப்பதற்கும் சோர்வுக்கும் இது காரணமாக இருக்கலாம். பொட்டாசியமோ சோடியமோ இறங்கியிருக்கிறதா என்று ரத்தம் பார்த்தால்தான் உறுதியாகும். வேறு காரணங்களும் உண்டு என்பதால் பரிசோதிக்காமல் பழியைக் கேப்ஸ்யூல் மேல் மட்டும் போட்டுவிடவும் கூடாது. மனநல சிகிச்சைக்கு லித்தியம் எடுப்பவர்கள், இதயத்துக்கு டைகாக்சின் எடுப்பவர்கள், எச்ஐவி மாத்திரை எடுப்பவர்கள், சிறுநீரகமோ இதயமோ பலவீனமானவர்கள் இந்த மூலிகையைத் தொடவே வேண்டாம்.

ஐரோப்பிய மருந்து முகமை இந்த மூலிகைக்கு இரண்டு பயன்களைத்தான் ஏற்கிறது. சிறுநீர்ப் பாதையின் சிறு தொந்தரவுகளில் நீரைப் பெருக்கிக் கழுவிவிடுவது ஒன்று. மேலோட்டமான காயத்துக்கு வெளியே போடுவது மற்றொன்று. இரண்டும் நீண்டகால வழக்கத்தின் அடிப்படையில்தான், ஆய்வால் நிரூபணமானது என்ற அடிப்படையில் இல்லை. கால் வீக்கத்தை இதைக் குடித்து இறக்கப் பார்க்காதீர்கள். வீக்கம் இதயத்தாலா சிறுநீரகத்தாலா என்று தெரியாமல் நீரை மட்டும் பிரிப்பது நோயை மறைத்துவிடும்.

முடிக்கும் நகத்துக்கும் இதைச் சொல்வது சிலிக்காவை வைத்துத்தான். செடியில் சிலிக்கா ஏராளம், அதனால் முடி வளரும் என்று ஒரே தாவலில் போய்விடுகிறார்கள். அதில் பெரும்பகுதி எளிதில் கரையாது; கரையாதது உடம்பில் சேராது. இதை விழுங்கினால் முடி வளரும் என்பதற்கு நம்பத்தக்க சான்று இல்லை. 56 வயதில் முடி கொட்டுவதையும் நகம் பிரிவதையும் ஒன்றாகப் பார்த்தால் எனக்கு முதலில் தோன்றுவது தைராய்டும் இரும்புச்சத்தும். அதே ரத்தப் பரிசோதனையில் தைராய்டுக்கு டிஎஸ்எச், இரும்புச்சத்துக்கு ஹீமோகுளோபின், ஃபெரிட்டின் சேர்த்துப் பாருங்கள். மாதவிடாய் நின்ற பிறகு வரும் முடி மெலிவுக்குத் தலையில் தடவும் மருந்து இருக்கிறது. தோல் மருத்துவர் உச்சந்தலையைப் பார்த்துவிட்டுத் தருவார். நகத்துக்கு, நீரிலும் சோப்பிலும் கை அதிகம் ஊறும் வேலைக்கு உறை போட்டுக்கொள்ளுங்கள், இரவில் நகத்தில் வாசலின் தடவுங்கள். நகம் முழுதாகப் புதிதாக வளர ஆறு மாதம் ஆகும், பொறுமை வேண்டும்.

மகளுக்குக் கொடுக்காதீர்கள். கர்ப்பத்திலும் தாய்ப்பால் கொடுக்கும்போதும் இது பாதுகாப்பானது என்று காட்டும் தரவு இல்லை, பி1 தேவையோ அந்தக் காலத்தில் கூடுகிறது. கர்ப்பத்தில் பொதுவாக முடி அடர்த்தியாகத்தான் தெரியும். இப்போதே கொட்டுகிறது என்றால் அவளுடைய மகப்பேறு மருத்துவரிடம் சொல்லி ஹீமோகுளோபினும் தைராய்டும் பார்க்க வேண்டும். பிரசவமாகி இரண்டு மூன்று மாதத்தில் கொத்தாகக் கொட்டினால் பயப்பட வேண்டாம் என்று இப்போதே அவளிடம் சொல்லி வையுங்கள். அது பெரும்பாலும் ஒரு வருடத்துக்குள் தானாகத் திரும்ப வளர்ந்துவிடும்.