டிராயிங் திறக்கவில்லை என்று கிராக் வாங்கலாமா?

கேள்வி: கோவையில் சின்னதாக ஒரு லேசர் கட்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். பார்ட்டிகள் அனுப்பும் டிடபிள்யூஜி (ஆட்டோகேட் டிராயிங்) ஃபைல்கள் பலவும், என்னிடமுள்ள வரைபட மென்பொருளான ஆட்டோகேட் 2010-இல் திறப்பதில்லை. கம்ப்யூட்டர் கடையில் 1,500 ரூபாய்க்குப் புது ஆட்டோகேட் 'கிராக்' (லைசென்ஸ் இல்லாத திருட்டுப் பதிப்பு) போட்டுத் தருகிறோம் என்கிறார்கள். டிராயிங்கைப் பார்த்து, மெஷின் படிக்கும் டிஎக்ஸ்எஃப் வடிவ ஃபைலாக்கி மெஷினுக்குக் கொடுத்தால் எனக்குப் போதும். வாங்கலாமா?

பதில்: வாங்காதீர்கள். இந்த இரண்டு வேலைக்கும் காசே தேவையில்லை. கிராக் போடுகிறவர்கள் பெரும்பாலும் முதலில் ஆன்டிவைரஸை அணைக்கத்தான் சொல்வார்கள். ஊரார் டிராயிங்கெல்லாம் இருக்கிற கம்ப்யூட்டரில் அதைச் செய்யவே கூடாது.

ஃபைல் கெட்டுப்போயிருக்காது, பதிப்புதான் புதிதாக இருக்கும். சந்தேகமிருந்தால் அதை நோட்பேடில் இழுத்துப் போட்டுப் பாருங்கள். திரை முழுக்கக் கிறுக்கலாக வரும். தொடக்கத்தில் உள்ள ஆறு எழுத்து மட்டும் தெளிவாகத் தெரியும். ஏசி1032 என்றிருந்தால் 2018 வடிவம், ஏசி1027 என்றால் 2013. உங்கள் 2010 படிப்பது ஏசி1024 வரைதான்.

ஆட்டோகேடை விற்கும் ஆட்டோடெஸ்க் நிறுவனமே 'டிடபிள்யூஜி ட்ரூவியூ' என்ற மென்பொருளை இலவசமாகத் தருகிறது. விண்டோஸில் மட்டும்தான் ஓடும். பார்க்கலாம், அளக்கலாம், பிரிண்ட் எடுக்கலாம், ஃபைலை 2010 வடிவத்துக்கு இறக்கலாம். ஒரு கோட்டைக்கூடத் திருத்த முடியாது. உங்களுக்கு அது தேவையும் இல்லை.

டிஎக்ஸ்எஃப் ஆக்குவதற்கு 'ஓபன் டிசைன் அலையன்ஸ்' (ஓடிஏ) என்ற அமைப்பின் 'ஓடிஏ ஃபைல் கன்வெர்ட்டர்'. இதுவும் இலவசம். டிராயிங்குகள் இருக்கும் ஃபோல்டரையும், மாற்றியவை போய்ச் சேர வேண்டிய வேறொரு ஃபோல்டரையும் காட்டி, எந்தப் பதிப்பு வேண்டுமென்று சொன்னால் மொத்தத்தையும் ஒரே மூச்சில் மாற்றிவிடும். இரண்டையும் அந்தந்த நிறுவனத் தளத்திலிருந்தே இறக்குங்கள்.

அளவில்தான் அதிகக் கவனம் வேண்டும். மி.மீ.யில் வரைந்ததை மெஷின் மென்பொருள் அங்குலமாக எடுத்துக்கொண்டால் எல்லாம் 25.4 மடங்காகிவிடும். 100 மி.மீ. பிளேட் 2,540 மி.மீ. என்று வந்தால் உடனே கண்ணில் படும். ஆனால் அங்குலத்தில் வரைந்த டிராயிங் மி.மீ.யாகச் சுருங்கி, நாலைந்து சின்ன பார்ட்டோடு கலந்து ஷீட்டில் உட்கார்ந்தால் கண்ணுக்குத் தப்பிவிடும். அதனால் ஆர்டர் வாங்கும்போதே ஒரு துளையின் விட்டத்தைப் பார்ட்டியிடம் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். மாற்றிய டிஎக்ஸ்எஃப்-ஐ ட்ரூவியூவிலும், பிறகு மெஷின் திரையிலும் திறந்து அதே துளையை அளந்து பாருங்கள். இரண்டிலும் அளவு சரியாக வந்த பிறகு ஷீட்டை ஏற்றுங்கள்.