சீரியல் செட் வேலைக்கு ஓவியம் மட்டும் போதாது

சீரியல் செட் வடிவமைப்பு வேலை கேட்டு நீங்கள் அனுப்பும் போர்ட்ஃபோலியோவில் (உங்கள் படைப்புகளின் தொகுப்பு) ஓவியங்களைப் பின்னால் தள்ளி, அளவு போட்ட தரைப்படம் (மேலிருந்து பார்ப்பதுபோல் வரைந்த அறை வரைபடம்) ஒன்றை முதல் பக்கத்தில் வையுங்கள். அதைச் சென்னையில் எத்தனையோ ஆர்ட் டைரக்டர்களுக்கு அனுப்பியும் பதில் இல்லை என்கிறீர்கள். காரணம் பெரும்பாலும் இதுதான்: உங்களுக்கு வரையத் தெரியும் என்பது புரிகிறது, அதை வைத்து ஆசாரி செட் போட முடியுமா என்பது புரியவில்லை.

குடியாத்தத்தில் உங்கள் தெருவிலேயே கைத்தறி வீடுகள் இருக்கின்றன என்று எழுதியிருந்தீர்களே, ஒன்றை டேப் பிடித்து அளந்து 1:50 அளவில் (நிஜத்தில் 50 செ.மீ. என்றால் தாளில் 1 செ.மீ.) வரைந்து பாருங்கள். மூன்று கேமரா எங்கே நிற்கும், எந்தச் சுவர் கழற்றும்படி இருக்க வேண்டும் என்று குறியுங்கள். தறிக்குழி (நெய்பவர் கால் வைக்கும் பள்ளம்), பாவு (தறியில் நீளவாக்கில் கட்டிய நூல்), சுவரில் படிந்த கை அழுக்கு வரை போட்டோ சேருங்கள். அந்த அழுக்குதான் செட்டை வீடாக்கும்.

ஆனால் முதலில் உதவியாளர் வேலைதான் கிடைக்கும். தொழிலாளர் சங்க உறுப்பினர் கார்டு, சம்பளம் இரண்டையும் சேரும் முன்பே கேட்டுவிடுங்கள்.