பக்கத்து நிலத்துக்காரருடன் தகராறு: உயர் நீதிமன்றத்தில் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாமா?

உயிருக்கோ, ஏற்கெனவே உறுதியான உரிமைக்கோ இடையூறு வராமல் காவல்துறை பார்த்துக்கொள்ள வேண்டும் என்று நீதிமன்றம் ஆணையிடுவதுதான் போலீஸ் பாதுகாப்பு உத்தரவு. அரசியலமைப்பின் 226-வது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் கேட்கலாம். ஆனால் நிலம் யாருடையது என்பதே தகராறு என்றால் மனு பெரும்பாலும் நிற்காது. 2006-இல் உச்ச நீதிமன்றமும் இதையே சொன்னது. பத்திரம், அனுபவம் (நிலம் யார் கைவசம் இருக்கிறது என்பது), சாட்சி எல்லாவற்றையும் அலசுவது சிவில் நீதிமன்றத்தின் வேலை. சர்வேயர் கல் நட்ட பிறகுதானே வேலி போடுவோம்?

முதலில் சிவில் நீதிமன்றத்தில், எதிராளி நிலத்தில் இடையூறு செய்யக் கூடாது என்ற தடையுத்தரவு வாங்குங்கள். எதிராளி அதையும் மீறினால், அதே நீதிமன்றத்தில் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 151-வது பிரிவில் போலீஸ் உதவி கேளுங்கள். கொலை மிரட்டல் வந்தால் மட்டும் எதற்கும் காத்திருக்காதீர்கள். உடனே காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள்.

பாதுகாப்பு உத்தரவு கிடைத்தாலே நிலம் நமக்குத்தான் என்று பலர் நினைக்கிறார்கள். அந்த உத்தரவு உரிமையைத் தீர்மானிப்பதில்லை.