குறைந்த செலவில் எடுத்த, நுவார் பாணி (இருளும் நிழலுமான) ஜப்பானிய க்ரைம் படம் ஒன்று சொல்ல முடியுமா?

‘பிராண்டட் டு கில்’. 1967, கறுப்பு வெள்ளை, ஒன்றரை மணி நேரம். இயக்கியவர் செய்ஜுன் சுசுகி.

முதல் தடவை பார்த்தபோது, நடுவே எங்கெங்கோ வெட்டுப்பட்ட பிரதி கையில் கிடைத்துவிட்டது என்று நினைத்தேன். வேறொன்று தேடிப் பிடித்தேன். அதுவும் அப்படியே. சரி, படமே அப்படித்தான்!

ஹனாடா, கூலிக் கொலையாளிகளின் தரவரிசையில் மூன்றாமவன். ஒரு நாள் குறி பார்க்கும் நேரத்தில் பட்டாம்பூச்சி ஒன்று துப்பாக்கி முனையில் வந்து உட்கார, யாரோ ஒரு அப்பாவி செத்துப்போகிறார். அதன் பிறகு இவனைத்தான் துரத்துகிறார்கள். முதலிடத்தில் இருப்பவன் யாரென்றே யாருக்கும் தெரியாது.

இவனுக்கு ஒரு பலவீனம்: சோறு வேகும் வாசனை. குக்கரை மூக்கருகே வைத்து ஆவியை இழுக்கிறான், கிறங்கிப்போகிறான். இத்தாலிக்காரனாக இருந்தால் மக்ரோனியை மோந்திருப்பான் என்கிற மாதிரி சுசுகி பின்னாளில் விளக்கம் சொன்னார். ஹனாடாவாக வரும் ஜோ ஷிஷிடோ நிஜத்திலேயே அறுவை சிகிச்சை செய்து கன்னத்தை உப்பவைத்துக்கொண்டவர். அந்த முகத்தோடு சோற்றை மோந்து பார்ப்பதை ஒருமுறை பார்த்தால் மறக்காது.

நிக்கட்சு ஸ்டூடியோவின் சின்னப் படம் இது. திரைக்கதை பிடிக்காமல், வெளியீட்டுத் தேதி நெருங்கும் நேரத்தில் சுசுகியிடம் திருத்தி எழுதச் சொன்னார்கள். காசும் நாளும் இல்லாததை அவர் மறைக்கவில்லை. கீழ்த்தளத்தில் தண்ணீர்க் குழாயைக் கழற்றி, அதன் வழியே மேலே சுட்டு, கைகழுவும் தொட்டியில் குனிந்திருக்கும் கண் மருத்துவரைக் கொல்கிற காட்சிக்கு என்ன பெரிய செலவு? அமெரிக்க இயக்குநர் ஜிம் ஜார்முஷ் 1999இல் ‘கோஸ்ட் டாக்’ படத்தில் அதையே எடுத்துக்கொண்டார். மழையில் மூடியில்லாத காரில் நனைந்தபடி மிசாகோ என்ற பெண் வருவது தனி அழகு. எனக்கு நுவார் என்றால் அந்தக் காட்சிதான்.

புரியாத படம் எடுக்கிறார் என்று 1968இல் சுசுகியை வேலையைவிட்டு அனுப்பினார்கள். அவர் வழக்குப் போட்டார், 1971இல் சமரசம். ஆனாலும் அடுத்த சினிமாவை எடுக்க 1977 ஆகிவிட்டது.

கதை நேராகப் போனால்தான் பிடிக்கும் என்றால், அதே ஆண்டு, அதே ஸ்டூடியோ, அதே ஷிஷிடோ: ‘எ கோல்ட் இஸ் மை பாஸ்போர்ட்’ (A Colt Is My Passport). கடைசியில் வெட்டவெளியில் அவன் எதற்குக் குழி தோண்டுகிறான் என்பதை மட்டும் நான் சொல்லமாட்டேன்.