நேட்டாலின் ஹாரி எஸ்கோம்ப்: கேள்வி பதில்

கேள்வி: காந்தியின் எழுத்தில் எஸ்கோம்ப் ஒரு பக்கம் நல்ல அண்டைவீட்டுக்காரர், இன்னொரு பக்கம் எதிரி. யார் இவர்?

பதில்: 1838இல் லண்டனில் பிறந்து, தென்னாப்பிரிக்காவில் பிரிட்டிஷ் காலனியாக இருந்த நேட்டாலில் குடியேறிய வழக்கறிஞர். டர்பன் துறைமுக வாரியத் தலைமைதான் அவருடைய அரசியல் முதலீடு. 1893இல் நேட்டாலின் அட்டர்னி ஜெனரல், அதாவது அரசின் தலைமை வழக்கறிஞர். 1897 பிப்ரவரி முதல் அக்டோபர் வரை பிரதமர். 1894இல் வழக்கறிஞர் சங்கம் எதிர்த்தபோதும் வழக்கறிஞராகப் பதிவு செய்யக் கோரிய காந்தியின் மனுவை நீதிமன்றத்தில் முன்வைத்தவர் இவரே. பழக்கத்தில் கனிவு, சட்டம் என்று வந்தால் கறார்.

கேள்வி: எஸ்கோம்ப் அட்டர்னி ஜெனரலாக இருந்தபோது, ஒப்பந்தம் முடிந்த இந்தியத் தொழிலாளர்கள் மீது நேட்டால் விதித்த 3 பவுன் வரி அவ்வளவு சுமையா?

பதில்: கணக்குப் போட்டுப் பாருங்கள். ஐந்தாண்டு ஒப்பந்தத்தில் வந்த தொழிலாளிக்குச் சம்பளம் முதலாண்டில் மாதம் 10 ஷில்லிங், ஐந்தாம் ஆண்டில் 14. 3 பவுன் என்பது 60 ஷில்லிங். அந்த 14 ஷில்லிங்கிலும் நாலு மாதச் சம்பளத்துக்கு மேல். 1895 சட்டப்படி, ஒப்பந்தம் முடிந்து ஊர் திரும்பாமல், மறு ஒப்பந்தமும் போடாமல் தங்குகிறவர் வருடாவருடம் கட்ட வேண்டும். பெண்களுக்கும் விலக்கில்லை. 1903இல் 16 வயதுப் பையன்களையும் 13 வயதுப் பெண்களையும் சேர்த்தார்கள். நேட்டால் முதலில் கேட்டது 25 பவுன். இந்தியாவின் வைஸ்ராய் எல்கின் 3 பவுனுக்குத்தான் சம்மதித்தார். கஜானாவை நிரப்புவதல்ல குறி, ஆளைக் கரும்புத் தோட்டத்துக்கோ கப்பலுக்கோ துரத்துவது. மதராஸில் கப்பலேறிய தமிழர்கள் பலர் இதில் மாட்டினார்கள். 1914இல்தான் ரத்தானது.

கேள்வி: 1897 குடியேற்றச் சட்டம் இந்தியர்களைப் பெயர் சொல்லித் தடுக்கவில்லையாமே?

பதில்: சூட்சுமமே அதுதான். நிறத்தைச் சொன்னால் லண்டனிலுள்ள பிரிட்டிஷ் அரசு ஒப்பாது. அதனால், வந்திறங்குபவர் அனுமதி விண்ணப்பத்தை ஐரோப்பிய மொழி எழுத்தில் தன் கையால் எழுத வேண்டும் என்று வைத்தார்கள். யாரைச் சோதிப்பது என்பது அதிகாரியின் இஷ்டம். ஒப்பந்தத் தொழிலாளர்களுக்கு விலக்கு; தோட்டத்துக்கு ஆள் வேண்டுமல்லவா! ஓர் ஓட்டையும் இருந்தது: விண்ணப்ப வாசகம் சட்டத்திலேயே அச்சாகியிருந்ததால் எழுதிப் பழகிவிடலாம். 1901இல் ஆஸ்திரேலியா இந்த ஏற்பாட்டை எடுத்துக்கொண்டபோது, அதிகாரி 50 சொற்களை வாசிக்க, கேட்டு எழுதும் சோதனையாக மாற்றி அந்த ஓட்டையை அடைத்தது.

என் பார்வையில் அதே ஆண்டின் வணிக உரிமச் சட்டம் இதைவிடக் கொடியது. நகரசபை அமர்த்திய அலுவலர் உரிமத்தை மறுத்தால் மேல்முறையீடு அதே நகரசபையிடம்தான். நீதிமன்றம் போக வழியில்லை. சபையில் இருந்தவர்களில் போட்டிக் கடைக்காரர்களும் உண்டு.

கேள்வி: 1897 ஜனவரி 13 அன்று காந்தியும் மற்ற இந்தியர்களும் கப்பலிலிருந்து இறங்குவதை எதிர்த்து டர்பன் துறைமுகத்தில் திரண்ட வெள்ளையர் கூட்டத்தைக் கூட்டியவர் இவரா?

பதில்: கூட்டியவர் அல்ல, கலைத்தவர். ஆனால் 'உங்கள் குறையை அரசு சட்டத்தால் தீர்க்கும்' என்ற வாக்குறுதி கொடுத்துத்தான் கலைத்தார். இருட்டிய பிறகு இறங்குமாறு காந்திக்குச் சொல்லி அனுப்பியவரும் இவரே. வாக்குறுதி சில மாதங்களில் மேலே சொன்ன சட்டங்களாக வந்தது.

கேள்வி: ஜூலு மன்னர் டினுஜுலுவுக்காக வாதாடியவர் இவரா?

பதில்: ஆம், எஷோவே என்ற ஊரில் நடந்த தேசத்துரோக வழக்கில். தோற்றார், டினுஜுலு செயின்ட் ஹெலினாத் தீவுக்கு நாடுகடத்தப்பட்டார்.